துகுஷி டொல்பின் இரணைமடுவில் வாழுமா?

நீங்கள் கேட்டதை முதலில் என் வார்த்தையில் சொல்லிக்கொள்கிறேன், பிழையாக விளங்கியிருந்தால் திருத்துங்கள். அமேசன் ஆற்றில் துகுஷி என்றொரு சின்ன டொல்பின் இருக்கிறது, அது கடலுக்கே போகாமல் நன்னீரிலேயே வாழ்ந்து முடிக்கிறது, ஏரிகளுக்குள்ளும் வருகிறது என்று ஒரு காணொளியில் பார்த்திருக்கிறீர்கள். இரணைமடுக் குளம் வான் பாய்கிற காலத்தில் கடல் மாதிரித் தண்ணீர் நிற்கிறதே, முத்தையன்கட்டும் வவுனிக்குளமும் கட்டுக்கரைக் குளமும் இருக்கிறதே, வன்னியில் மட்டும் ஏன் அப்படி ஒன்று இல்லை, கொண்டுவந்து விட்டால் வாழாதா என்பது உங்கள் கேள்வி. கூடவே, போன மாரியில் நாயாற்று முகத்துவாரத்துக்கு உள்ளே உங்கள் மாமா கண்ட டொல்பின் அந்த வகையாக இருக்குமா என்றும் கேட்டிருக்கிறீர்கள். இதற்குள் இருக்கிற உண்மையான கேள்வி ஒன்றுதான்: தண்ணீர் உப்பில்லாமல் இருந்தால் ஒரு டொல்பினுக்குப் போதுமா? போதாது. ஏன் போதாது என்பதைச் சொல்லத்தான் இவ்வளவு நீளம் எழுதப் போகிறேன்.

நான் விலங்கியல் படித்தவன். வேலை பார்த்த காலமெல்லாம் வன்னிக் குளங்களிலும் களப்புகளிலும் மீன் சம்பந்தமான வேலைதான். துகுஷியை உயிரோடு பார்த்ததில்லை, அதைப் பற்றிச் சொல்வதெல்லாம் ஆய்வாளர்கள் எழுதியதைப் படித்து அறிந்தது. குளம், களப்பு, வலை, நம் கடல் டொல்பின் பற்றிச் சொல்வது நேரில் கண்டதும் கையால் தொட்டதும்.

மாமா கண்ட விஷயத்தை முதலில் முடித்துவிடுவோம். அது துகுஷி இல்லை, அதில் சந்தேகமே வேண்டாம். துகுஷி பிரேசில், பெரு, கொலம்பியா, எக்குவடோர் ஆகிய நான்கு நாடுகளில் அமேசனும் அதன் கிளை ஆறுகளும் ஓடும் இடங்களில் மட்டும்தான் இருக்கிறது. இலங்கையில் நன்னீர் டொல்பின் எந்த வகையும் கிடையாது. மாரியில் ஆற்று வெள்ளம் மணல்திட்டை உடைத்து நாயாறு, கொக்கிளாய் வாய்கள் திறக்கும்போது மீன் கூட்டத்தின் பின்னால் கடல் டொல்பின் உள்ளே வந்துவிடுவது நடக்கக்கூடியதுதான். எந்த வகை என்று மாமா சொன்னதை மட்டும் வைத்து என்னால் சொல்ல முடியாது. முதுகுத் துடுப்பு உயரமாகப் பின்னோக்கி வளைந்து இருந்திருந்தால் போத்தல்மூக்கு டொல்பினாக இருக்கலாம். முதுகில் ஒரு திமில் மாதிரி மேடும் அதன்மேல் சிறிய துடுப்பும் இருந்திருந்தால் திமில் டொல்பின், கரையோர ஆழமில்லாத தண்ணீரில் திரிகிற வகை, புத்தளம் களப்பில் இருப்பதாகப் பதிவு இருக்கிறது. முதுகில் துடுப்பே இல்லாமல் மொழுமொழு என்று இருந்திருந்தால் அது டொல்பினே இல்லை, ஆவுளியாவாக, அதாவது கடற்பசுவாக இருக்கலாம். குளத்துக்குள் ஏதோ துள்ளியதைக் கண்டோம் என்று சிலர் சொல்வதுண்டு. பெரும்பாலும் அது நீர்நாய். அதுவும் இல்லையென்றால் பெரிய கட்லா மீன்.

சரி, துகுஷிக்கு வருவோம். இதன் அறிவியல் பெயர் சொட்டாலியா புளூவியாடிலிஸ், 1853-இல் விவரிக்கப்பட்டது. வளர்ந்த ஒன்று ஏறக்குறைய ஒன்றரை மீற்றர், எடை 50 கிலோ அளவு. முதுகு சாம்பல், வயிறு வெளிறிய இளஞ்சிவப்பு, நடு முதுகில் முக்கோணமாக ஒரு துடுப்பு. பார்வைக்கு நம் கடல் டொல்பினைச் சின்னதாக்கி விட்டது போலத்தான் இருக்கும், அதற்குக் காரணமும் இருக்கிறது. ஆற்று டொல்பின் என்று பொதுவாகச் சொல்கிறவை எல்லாம் ஒரே குடும்பம் இல்லை. கங்கையில் இருப்பது, அமேசனில் போட்டோ என்று சொல்லும் இளஞ்சிவப்பு டொல்பின், சீனாவின் யாங்சி ஆற்றில் இருந்த பைஜி எல்லாம் கடல் டொல்பின்களிலிருந்து மிகப் பழங்காலத்திலேயே பிரிந்த தனித்தனிக் கிளைகள். கங்கை டொல்பினுக்குக் கண்கூட ஏறக்குறையப் பயனற்றுப் போய்விட்டது. துகுஷி அப்படியில்லை, கடல் டொல்பின் குடும்பத்தையே சேர்ந்தது. அந்தக் குடும்பத்தில் முழுக்க முழுக்க நன்னீரில் மட்டும் வாழ்கிற வகை இது ஒன்றுதான். ஐராவதி டொல்பினும் மீகொங் போன்ற ஆறுகளில் வாழ்கிறது, ஆனால் அதே வகை கடலோரங்களிலும் இருக்கிறது.

துகுஷிக்கு ஒரு கடல் உறவு உண்டு, கயானா டொல்பின் என்று பெயர். மத்திய அமெரிக்காவிலிருந்து தெற்குப் பிரேசில் வரை கரையோரமாக வாழ்கிறது, கொஞ்சம் பெரிய உடம்பு. இரண்டும் ஒரே இனம் என்றுதான் நீண்டகாலம் எண்ணியிருந்தார்கள். 2000-க்குப் பிறகு மண்டையோட்டு அளவுகளையும் மரபணுக்களையும் ஒப்பிட்டுப் பார்த்து இரண்டு இனம் என்று பிரித்தார்கள், அது இன்று உறுதியான விஷயம். எப்போது பிரிந்தன என்பதில் ஆய்வாளர்களுக்குள் ஒத்த கருத்து இல்லை, சிலர் பத்து லட்சம் ஆண்டு அளவிலும் சிலர் அதற்கு வெகு முன்பும் வைக்கிறார்கள். ஒரினோகோ ஆற்றில் மேலே காணப்படுகிறவை துகுஷியா கயானாவா என்றும் வாதம் நடந்தது, மரபணு கயானா பக்கம்தான் சாய்கிறது. உங்கள் கேள்விக்கு இதில் முக்கியமானது ஒன்று. கடலிலிருந்து வந்த ஒரு டொல்பின் நன்னீருக்குப் பழகியிருக்கிறது, ஆனால் அதற்கு மிகக் குறைந்த கணக்கிலும் லட்சக்கணக்கான ஆண்டுகள் பிடித்திருக்கிறது. முல்லைத்தீவுக் கடலில் ஓடுகிற டொல்பினைப் பிடித்துக் குளத்தில் விட்டால் அது பழகாது. கடல் டொல்பின் நாள்கணக்கில் நன்னீரில் நின்றால் தோல் ஊறிப் புண்ணாகும், கண்ணின் முன்படலம் வெண்மையாகும், இரத்தத்தில் உப்புச் சமநிலை குலையும். அமெரிக்காவில் சூறாவளி வெள்ளம் களப்புகளுக்குள் புகுந்த காலங்களில் போத்தல்மூக்கு டொல்பின்களுக்கு இது நடந்ததை நன்றாகப் பதிவு செய்திருக்கிறார்கள்.

முல்லைத்தீவுக் கரையில் வலையில் மாட்டி இறந்து ஒதுங்கிய ஒரு நீள்மூக்கு டொல்பினை ஒருமுறை நிதானமாகப் பார்க்கக் கிடைத்தது. வாய் ஓரத்திலும் இரண்டு பக்கத் துடுப்புகளின் அடியிலும் தங்கூசி வலை நூல் அறுத்த கோடுகள், தலையின் மேலே பிறை மாதிரி இறுக மூடிய மூச்சுத்துளை, சீப்புப் பல் போலச் சின்னச் சின்னக் கூர்ப் பற்கள். மேல் மூக்கின் இரு பக்கமும் விரலால் தடவினால் ஊசி குத்தியது மாதிரிச் சிறு குழிகள் தட்டுப்பட்டன. பிறக்கும்போது அந்தக் குழிகளில் மயிர் இருக்கும், பிறகு உதிர்ந்துவிடும். இதை ஏன் சொல்கிறேன் என்றால், துகுஷியின் உறவான கயானா டொல்பினில் இந்தக் குழிகள் வெறும் தழும்பு இல்லை. மீனின் உடம்பிலிருந்து தண்ணீரில் பரவும் மிக மெல்லிய மின்புலத்தை அவை உணர்கின்றன என்று 2012-இல் ஜெர்மன் ஆய்வாளர்கள் காட்டினார்கள். பின்னர் போத்தல்மூக்கு டொல்பினிலும் அதைக் கண்டார்கள். சேறு கலங்கிய அமேசனில் வேட்டையாடும் துகுஷிக்கும் அந்தத் திறன் இருக்கலாம் என்று எண்ணத் தோன்றும். அது ஊகம்தான். அது ஒலியை அனுப்பி எதிரொலியைக் கேட்டு வழியும் இரையும் கண்டுபிடிக்கிறது என்பதுதான் நிச்சயம், அந்தக் கலங்கலில் கண்ணை நம்பிப் பிழைக்க முடியாது.

இப்போது அது வாழ்கிற இடம். அமேசன் மழைக்கு ஏறும், கோடைக்கு இறங்கும், நம் குளங்களும் அப்படித்தானே என்று நீங்கள் கேட்கலாம். அளவைப் பாருங்கள். மத்திய அமேசனில் மாமிராவுவா என்ற காப்புப் பகுதியில் ஆண்டுக்கு 10 முதல் 12 மீற்றர் வரை நீர்மட்டம் ஏறி இறங்குகிறது. இரணைமடு முழுக்க நிறைந்து நிற்கும்போது 36 அடி, அதாவது 11 மீற்றர். நம்முடைய மிகப் பெரிய குளத்தின் மொத்த ஆழமும் அங்கே ஒரு பருவத்துக்கும் அடுத்ததற்கும் உள்ள வித்தியாசம் மட்டும்தான். அத்தனையும் இறங்கிய பிறகும் அங்கே ஆற்றின் நடுப்போக்கு நிற்பதில்லை. துகுஷி அதை நம்பித்தான் வாழ்கிறது. வெள்ளம் ஏறும்போது ஏரிகளுக்குள் போகும், இறங்கத் தொடங்கும்போது வாய்க்கால் அடைபடுவதற்கு முன்பே ஆற்றுக்குத் திரும்பிவிடும். போட்டோ மூழ்கிய காட்டுக்குள் மரங்களுக்கு இடையே நுழைந்து மீன் தேடும், கழுத்தை வளைக்க முடிந்த டொல்பின் அது. துகுஷி காட்டுக்குள் போவதில்லை. அதற்குத் திறந்த தண்ணீர் வேண்டும்.

ஆற்றிலும் எல்லா இடத்திலும் அது சமமாகப் பரவியிருப்பதில்லை. மாமிராவுவாப் பக்கம் கணக்கெடுத்தவர்கள் கண்டது, நட்டாற்றில் டொல்பின் குறைவு, கரையோரமும் இரண்டு ஆறுகள் கலக்கும் இடமும்தான் கூடும் இடம். சேற்று நீரும் இலைதழை ஊறிக் கறுத்த நீரும் சந்திக்கிற கூடல்களில் நீரோட்டம் தளரும், மீன் திரளும், டொல்பினும் அங்கே நிற்கும். பெரும்பாலும் இரண்டு முதல் ஆறு வரையான சிறு கூட்டங்களாகத் திரியும். இரை சிறிய மீன்கள், அதுவும் கூட்டமாக ஓடுபவை. இறந்த துகுஷிகளின் வயிற்றைப் பார்த்து 28 வகை மீன்களை அடையாளம் கண்டிருக்கிறார்கள். பெண் ஒரு ஈற்றுக்கு ஒரு குட்டிதான் போடும், பத்துப் பதினொரு மாதம் சுமக்கும். குட்டி பிறக்கும்போதே முக்கால் மீற்றர் இருக்கும். மத்திய அமேசனில் அந்தப் பிறப்புகள் பெரும்பாலும் ஆறு வற்றிக் கிடக்கிற செப்டெம்பர், ஒக்ரோபர், நவம்பர் மாதங்களில் நடக்கின்றன. வற்றிய காலத்தில் ஏன்? வெள்ளத்தில் காடெல்லாம் பரவிப் போன மீன் நீர் இறங்கும்போது ஆற்றுப் போக்குக்குள் நெருங்கி வந்துவிடும், பாலூட்டுகிற தாய்க்கு அப்போதுதான் இரை எளிது என்பதுதான் பொதுவாகச் சொல்லும் விளக்கம். வன்னியில் ஆவணி, புரட்டாதியில் குளம் இறங்க இறங்க வலையில் மீன் கூடுவதைக் கண்டவர்களுக்கு இது உடனே பிடிபடும். அதே கணக்குத்தான்.

ஆனால் ஒற்றுமை அத்தோடு சரி. நம் ஆறுகள் மாரி ஆறுகள். கனகராயன் ஆறு இரணைமடுவை நிரப்பிச் சுண்டிக்குளத்துக்குப் போகிறது, பேராறு முத்தையன்கட்டைத் தாண்டி நந்திக்கடலுக்குப் போகிறது, பாலியாறு வவுனிக்குளத்தைத் தொட்டு மேற்கே போகிறது. ஐப்பசி முதல் தை வரை அவற்றில் ஓட்டம் இருக்கும். ஆடியில் போய்ப் பார்த்தால் மணலும் இடைக்கிடை மடுக்களும்தான். குளத்திலும் சிறுபோகத்துக்குத் தண்ணீர் திறந்துவிட்ட பிறகு மிச்சமாவது துருசுக்குக் கீழே கிடக்கிற கொஞ்சம். விரால் சேற்றுக்குள் புதைந்து கிடந்து அந்தக் கோடையைத் தாண்டும், கெளுத்தியும் தாண்டும். டொல்பின் மூச்சுக்காக மேலே வரும் பாலூட்டி, நாள் முழுக்க நீந்திக்கொண்டே இருக்க வேண்டிய உடம்பு அதற்கு. அடைபட்ட குளத்தில் நீர் இறங்கினால் அதற்குப் போக வழியில்லை. துகுஷியின் வாழ்க்கை முழுக்க இந்தப் போக வழியில்தான் இருக்கிறது. கடலிலிருந்து 3,000 கிலோமீற்றருக்கு மேல் உள்ளே, பெருவின் இக்கிற்றோஸ் பக்கமும் அது இருக்கிறது. அவ்வளவு தூரமும் அணை குறுக்கிடாமல் ஒரே தண்ணீராகத் தொடர்கிறது. அமேசனிலேயே பெரிய அருவிகளுக்கும் பாறைத் தடைகளுக்கும் மேலே துகுஷி இல்லை. பொலிவியாவில் ஆற்று டொல்பின் உண்டு, துகுஷி இல்லை.

கொண்டுவந்து விடலாமே என்பதற்கு இன்னொரு பதிலும் உண்டு. நம் குளங்களில் இப்போது அதிகம் பிடிபடும் திலாப்பியாவே வெளியிலிருந்து வந்தது, 1952-இல் இலங்கைக்குக் கொண்டுவந்தார்கள். அது பிழைத்ததற்குக் காரணம் அது எதையும் தின்னும், சீக்கிரம் பெருகும், அடைபட்ட தண்ணீரிலும் முட்டையிட்டு வாயில் வைத்துக் காக்கும். ஒரு ஈற்றுக்கு ஒரே குட்டி போட்டு நீண்டகாலம் வளர்க்கிற விலங்குக்கு அந்தச் சூத்திரம் பொருந்தாது. நாலைந்தைக் கொண்டுவந்தால் அவற்றுக்குள் இனப்பெருக்கம் நின்று நிலைக்காது. அதைவிடப் பெரிய காரணம், எடுப்பதற்கு அங்கே மிச்சமே இல்லாமல் போய்க்கொண்டிருக்கிறது. மாமிராவுவாவில் 1994 முதல் 2017 வரை ஒரே பாதையில் படகில் போய் எண்ணியவர்கள், துகுஷியின் எண்ணிக்கை ஏறக்குறைய ஒன்பது ஆண்டுக்கு ஒருமுறை பாதியாகிறது என்று கண்டார்கள். அது ஒரு பகுதியின் கணக்கு, அமேசன் முழுவதுக்கும் அப்படியே பொருந்தும் என்று நான் சொல்லமாட்டேன், முழு எண்ணிக்கையை எவரும் எண்ணி முடித்ததில்லை. ஆனாலும் 2020-இல் பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் இதை அருகிவரும் இனங்களின் பட்டியலில் சேர்த்துவிட்டது.

காரணங்களில் முதலாவது வலை. நைலோன் செவுள்வலை மலிவாக வந்ததிலிருந்து மீனவர் எங்கே மீன் திரளுமோ அங்கே வலை போடுகிறார், அதாவது கரையோரத்திலும் ஆற்றுக் கூடல்களிலும். அதே இடம்தான் துகுஷியின் இடமும். மாட்டிய டொல்பின் மூச்சுக்கு மேலே வர முடியாமல் சில நிமிடங்களில் செத்துவிடும். யாரும் அதைக் கொல்ல நினைக்கவில்லை, ஆனால் செத்துப்போகிறது. வேண்டுமென்றே கொல்வதும் உண்டு. பிராக்கற்றிங்கா என்ற கெளுத்தி இன மீனைப் பிடிக்கத் தூண்டில் இரையாக டொல்பின் இறைச்சியைப் போட்டார்கள், அதில் பெரும்பாலும் அடிபட்டது போட்டோ. பிரேசில் 2015-இல் அந்த மீன்பிடியையே நிறுத்திவைத்தது. மூன்றாவது, இப்போது சேர்ந்திருக்கும் புதிய அபாயம். 2023 செப்டெம்பர், ஒக்ரோபரில் அமேசனில் கடும் வறட்சி. தெஃபே ஏரியில் நீர் வற்றி, மிஞ்சிய நீரின் வெப்பம் 39 பாகை செல்சியஸையும் தாண்டியது. சில வாரங்களில் போட்டோவும் துகுஷியுமாக 150-க்கு மேற்பட்டவை செத்து மிதந்தன. மனித உடம்பின் காய்ச்சல் சூட்டைவிடக் கூடிய தண்ணீரில் ஒரு பாலூட்டி தன் உடம்புச் சூட்டை எங்கே கொண்டுபோய் விடும்? நன்னீருக்கு லட்சக்கணக்கான ஆண்டாகப் பழகிய விலங்கே ஆழமில்லாத, சூடேறிய, அடைபட்ட தண்ணீரில் நிலைக்கவில்லை. புரட்டாதி மாதத்து இரணைமடுவின் ஓரத்தில் கால் வைத்துப் பார்த்தவர்களுக்கு இதற்குமேல் விளக்கம் வேண்டியதில்லை.

வன்னியோடு உண்மையில் ஒப்பிடக்கூடிய இடம் அமேசன் இல்லை, இந்தியாவின் ஒடிசாவிலுள்ள சிலிகா ஏரி. அதுவும் கடலோடு வாயால் இணைந்த களப்பு, அங்கே ஐராவதி டொல்பின் 150 அளவில் நிரந்தரமாக வாழ்கிறது. மணல் அடைத்துக் கடல் தொடர்பு குறைந்து, உப்பு குறைந்து, நீர்ச்செடிகள் மண்டிப்போய்க் கிடந்த ஏரி அது. 2000-ஆம் ஆண்டு புதிய வாய் வெட்டிவிட்டார்கள், உப்பும் மீனும் திரும்பின, டொல்பினும் ஏரியின் கூடுதலான பகுதிகளில் காணப்படத் தொடங்கியது. அதைப் பார்த்து நந்திக்கடலிலும் கொக்கிளாயிலும் டொல்பின் குடியேறும் என்று ஆசைப்படக்கூடாது, சிலிகா மழைக்காலத்தில் ஆயிரம் சதுர கிலோமீற்றருக்கு மேல் விரியும், நம்முடையவை அதன் ஒரு மூலைக்குள் அடங்கும். ஆனால் வாய் திறந்திருந்து, வலை வாயை மறிக்காமல் இருந்தால், மாரியில் வந்துபோகிற கடல் டொல்பின் வந்துபோகும். முகத்துவாரத்தை இந்தக் கரையிலிருந்து அந்தக் கரை வரை வலையால் கட்டி மறிப்பதைப் பற்றி நம் மீனவர்களே எத்தனையோ தடவை சண்டை பிடித்திருக்கிறார்கள், இறால் குஞ்சு உள்ளே வராது என்பதற்காக. டொல்பினுக்கும் அதே வாய்தான்.

மாமாவிடம் சொல்லிவையுங்கள், இனி உள்ளே வந்து நிற்கும் டொல்பினைக் கண்டால் சுற்றி வளைத்துத் துரத்த வேண்டாம். எஞ்சினை நிறுத்திவிட்டு அது வெளியேறும் பக்கத்தில் கிடக்கிற வலையை மட்டும் எடுத்துவிட்டால் பெரும்பாலும் வற்றுப்பெருக்குப் பார்த்துத் தானே போய்விடும். கரை தட்டிக் கிடந்தால் வாலைப் பிடித்து இழுக்கக்கூடாது, முள்ளந்தண்டு விலகிவிடும். வயிறு கீழே இருக்க நிமிர்த்தி வைத்து, பக்கத் துடுப்புகளுக்குக் கீழே மணலைத் தோண்டிவிட்டு, ஈரத் துணி போர்த்துங்கள். மூச்சுத்துளைக்குள் தண்ணீரும் மணலும் போகக்கூடாது, துணியும் அதை மூடக்கூடாது. வனசீவராசிகள் திணைக்களத்துக்கோ பகுதி மீன்பிடிப் பரிசோதகருக்கோ உடனே சொல்லுங்கள். டொல்பினைப் பிடிப்பதும் இறைச்சியாக்குவதும் இலங்கையில் சட்டப்படி குற்றம், தானாக வலையில் மாட்டிச் செத்ததை வைத்திருந்தாலும் வில்லங்கம்தான். முடிந்தால் முதுகுத் துடுப்புத் தெளிவாகத் தெரிகிற மாதிரிப் பக்கவாட்டில் ஒரு படம் எடுக்கச் சொல்லுங்கள், அது ஒன்று இருந்தாலே எந்த வகை என்று சொல்லிவிடலாம்.